வெள்ளைத் தொப்பியும் நாலு குதிரை வண்டியும்



போன பிரதோஷத்தன்று கோயில் வாசலில் கார் வரிசையை ஒழுங்கு பண்ணிக்கொண்டு நின்றபோது நம்ம இளைஞர் குழுத் தம்பி ஒருவர் கேட்டார்: "அங்கிள், இந்த வெள்ளைத் தொப்பி எங்க வாங்குனீங்க? கௌபாய் படத்துல வர்ற மாதிரி இருக்கு." மழை தூறல், கார்கள் மெயின் ரோடு வரைக்கும் நிற்கின்றன, பேச நேரமில்லை. பெரிய கதை தம்பி, எழுதிப் போடுறோம்னு சொல்லிட்டோம். அதுதான் இது. நீளமாகத்தான் இருக்கும். கோயில் அறிவிப்பு எதுவும் இதில் இல்லை, அவசரமாக இருப்பவர்கள் தாண்டிப் போகலாம்.

நாங்கள் என்று எழுதுவது கணவன் மனைவி ரெண்டு பேரையும் சேர்த்துத்தான். கைப்பேசியில் தட்டுவது ஒருவர். பக்கத்தில் உட்கார்ந்து "அது அப்படி இல்லீங்க" என்று திருத்துவது இன்னொருவர். எஸ்பிஎம்மோடு நின்ற படிப்பு, எழுத்துப் பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

2019-இல் மகளுக்குக் கனடாவில் பிரசவம். கால்கரி என்கிற ஊர். பத்தியச் சாப்பாட்டுக்கு வேண்டிய சுக்கு, மிளகு, பூண்டு, காயம் எல்லாம் பெட்டியில் கட்டிக்கொண்டு போனோம். போய் இறங்கியது ஜூலை. ஊருக்குள் பார்த்தால் பேங்க் கவுண்டரில் இருக்கிற பொண்ணுகூட கௌபாய் தொப்பி, பூட்ஸ் போட்டிருக்கு. ஏதோ பள்ளிக்கூட மாறுவேடப் போட்டி என்றுதான் முதலில் நினைத்தோம். மருமகன் சிரித்துவிட்டு, இது ஸ்டாம்பீட் மாமா, பத்து நாளைக்கு இப்படித்தான் என்றார். காட்டுக் குதிரை ஏறுவது, மாடு அடக்குவது எல்லாம் சேர்ந்த ரோடியோ திருவிழா. 1912-இல் கை வீடிக் என்பவர் ஆரம்பித்து வைத்தது.

அந்தப் பத்து நாளும் ஊர் முழுக்க இலவசப் பசியாறை. கடைத்தொகுதி கார் நிறுத்துமிடம், தேவாலய வாசல், கம்பெனி முற்றம் என்று எங்கே பார்த்தாலும் பெரிய இரும்புத் தகட்டில் பேன்கேக் சுடுகிறார்கள். வரிசையில் நின்றால் யாருக்கும் தட்டு நிறையக் கொடுக்கிறார்கள். ஏப்ரன் கட்டிக்கொண்டு நிற்பவர்கள் எல்லாம் தொண்டூழியர்கள். நம்ம அன்னதானக் குழு மாதிரியே ஒருத்தர் மாவு கலக்க, ஒருத்தர் திருப்ப, ஒருத்தர் வரிசையைப் பார்த்து சத்தம் போட. எங்களில் சமையல் தெரிந்தவர், தகட்டுச் சூடு ஒரு பக்கம் ஏறிக்கிடக்கு, அதான் கருகுது என்று தமிழிலேயே சொல்லிக்கொண்டிருந்தார். அவர்களுக்கு எங்கே புரியப் போகிறது. 1923-இல் ஜாக் மார்ட்டன் என்ற வண்டி ஓட்டி தன் சமையல் வண்டியைப் பட்டணத்து நடுவில் நிறுத்தி, போகிற வருகிறவர்களுக்கெல்லாம் சுட்டுப் போட்டதில் ஆரம்பித்த பழக்கமாம் இது.

அந்தச் சமையல் வண்டிதான் இந்தக் கதைக்கு முக்கியம். அதன் பெயர் சக்வேகன். சக் என்றால் கௌபாய் பேச்சில் சாப்பாடு. அந்தக் காலத்தில் ஆயிரக்கணக்கான மாடுகளை மாசக்கணக்கில் ஓட்டிக்கொண்டு போவார்கள் அல்லவா, அந்த ஆட்களுக்குச் சமைத்துப் போட ஒரு வண்டி கூடவே போகும். 1866-இல் டெக்சாசில் சார்ல்ஸ் குட்நைட் என்பவர் ராணுவத்தின் பழைய வண்டியை வாங்கி, பின்பக்கம் மாவு, பீன்ஸ், காப்பி வைக்கத் தட்டு அடித்து உண்டாக்கியது. மேலே வளையம் வைத்துக் கித்தான் துணி போட்டிருப்பார்கள். நம்ம தோட்டத்துக் கூண்டு வண்டி தெரியுமே, கிட்டத்தட்ட அந்த உருவம், இழுக்கிறது மட்டும் நாலு குதிரை.

சோறு ஆக்குற வண்டியை வைத்து ரேஸ் விட யாருக்குத் தோன்றியதோ! முகாமைக் கலைத்து அடுப்பை ஏற்றிக்கொண்டு யார் முதலில் ஊர்க் கள்ளுக்கடைக்குப் போய்ச் சேருகிறார்கள் என்று கௌபாய்கள் பந்தயம் கட்டினார்கள், கடைசியாக வந்தவன் எல்லாருக்கும் வாங்கித் தரணும் என்று ஒரு கதை சொல்கிறார்கள். கால்கரியில் இதைப் போட்டியாக வைத்தது வீடிக்தான், 1923-இல்.

மருமகன் வேலை செய்கிற கம்பெனி அந்த வருஷம் ஒரு வண்டியின் கித்தானில் பெயர் போட ஏலம் எடுத்திருந்தது. அப்படி ஏலம் எடுக்கும் பணத்தில்தான் ஓட்டிகள் குதிரைக்குத் தீவனம் போடுகிறார்கள். அந்தத் தொடர்பில் எங்களுக்கு இரண்டு டிக்கெட், லாயத்தைச் சுற்றிப் பார்க்கவும் அனுமதி. மகள் வரவில்லை. கைக்குழந்தை ஒரு காரணம், அவளுக்கு இந்த ரேஸ் பிடிக்காது என்பது இன்னொரு காரணம். போகும்போதே, "ம்மா, வருஷா வருஷம் குதிரை சாகுது, தெரியும்ல" என்றாள். தெரியாமல்தான் கிளம்பினோம்.

இங்கே ஒன்று சொல்லணும். எங்களில் பெண்ணுக்குக் குதிரை புதுசு இல்லை. அவருடைய அப்பா நம் நாட்டில் ஒரு குதிரைப் பந்தயத் திடலில் சைஸ் வேலை. அந்தக் காலத்தில் நம்ம ஆட்கள் நிறையப் பேர் குதிரை பார்த்துக்கொள்ளும் அந்த வேலையில் இருந்தார்கள். லாயத்துக்குப் பின்னால் இருந்த குடியிருப்பில்தான் இவர் பிறந்து வளர்ந்தது. விடியக்காலை நாலு மணிக்கு அப்பாவோடு போய் வாளியில் தண்ணீர் பிடித்துக் கொடுப்பாராம்.

கால்கரி லாயத்தில் எங்களைக் கூட்டிப்போனவர் வயசான வண்டி ஓட்டி. பேர் வேண்டாம். குதிரைகள் எல்லாம் நல்ல உயரம், தோல் பளபளவென்று இருந்தது. எங்களில் ஒருவர் தள்ளி நின்றே பார்க்க, இன்னொருவர் நேராகப் போய் ஒரு சிவப்புக் குதிரையின் கழுத்துக்குக் கீழே கையை வைத்தார். அது தலையைத் தாழ்த்தி இவர் தோளில் வைத்துக்கொண்டது. ஓட்டி திரும்பிப் பார்த்து, நீ குதிரையோடு வேலை செய்திருக்கிறாயா என்று கேட்டார். அப்பா சைஸ் என்று மருமகன் மொழிபெயர்த்துச் சொன்னதும் அவர் பேச்சே மாறிவிட்டது.

இதெல்லாம் பந்தயத் திடலில் ஓடிய தரோபிரெட் குதிரைகள், அங்கே ஜெயிக்காமல் போனதால் எங்களிடம் வந்தவை என்றார். நாங்கள் வாங்கவில்லை என்றால் இது எங்கே போயிருக்கும் தெரியுமா என்று கேட்டார். எங்களில் ஒருவருக்கு நன்றாகவே தெரியும். சின்ன வயசில் ஒரு நாள் காலையில் போய்ப் பார்த்தால் லாயத்தில் ஒரு கட்டுத்தறி காலி. குதிரை எங்கப்பா என்று கேட்டால் பதில் கிடையாது. அன்றைக்கு அவர் அப்பா சாப்பிடவில்லையாம். இதைக் கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் அன்றைக்குத்தான் முதல் தடவையாகச் சொன்னார், கனடாவில் வைக்கோல் வாசனைக்கு நடுவில் நின்றுகொண்டு.

அப்புறம் ஓட்டி ஒரு வேடிக்கை காட்டினார். நாலு குதிரையின் வாரையும் எங்களில் ஆண் கையில் கொடுத்தார். இடது கையில் ரெண்டு, வலது கையில் ரெண்டு, விரல் இடுக்கில் பிரித்துப் பிடிக்கணும். கண்ணை மூடச் சொல்லிவிட்டு, மறுமுனையில் அவர் ஆள் ஒவ்வொரு வாராக மெல்லச் சுண்டினார். எந்தக் குதிரை சொல்லு என்றார். முன்னால் ஓடும் இடது குதிரை என்று சொன்னால் அது பின்னால் ஓடும் வலது குதிரை. ஐந்து தடவையில் ஒன்றுதான் சரி. பேக்டரியில் முப்பது வருஷம் மிஷின் சத்தத்தை வைத்தே எந்த பெல்ட் தேய்ந்திருக்கு என்று சொல்கிற ஆள், அங்கே எல்.கே.ஜி பிள்ளை மாதிரி முழித்துக்கொண்டு நின்றோம். முன்னால் ரெண்டும் வேகமாகத் திரும்பணும், ஏர்க்கால் பக்கத்தில் இருக்கிற பின் ரெண்டும் வண்டியின் பாரத்தைத் தாங்கணும், நாலும் ஒரே நினைப்பில் இருக்கணும். அந்த நினைப்பு இந்த விரல் வழியாகத்தான் போகிறது என்று கையைக் காட்டினார். வாழைத்தண்டு மாதிரி தடித்த விரல்கள்.

ராத்திரி எட்டு மணிக்கு ரேஸ். ராத்திரி என்று பேர்தான், அந்த ஊரில் ஜூலையில் பத்து மணி வரைக்கும் வெயில். 36 வண்டி, 9 சுற்று, ஒரு சுற்றுக்கு நாலு வண்டி. ஒவ்வொரு வண்டிக்கும் கூடவே குதிரையில் வர இரண்டு பேர், அவுட்ரைடர் என்பார்கள். முன்பெல்லாம் நாலு பேராம். கூட்டிப் பாருங்கள், ஒரே நேரத்தில் 24 குதிரை, 12 ஆள்.

முதல் சுற்று எங்களுக்கு ஒண்ணுமே புரியல. ஹாரன் அடித்தது, புழுதி கிளம்பியது, முடிந்துவிட்டது. ஒரு நிமிஷம் பத்துப் பதினைந்து விநாடிதான். மூன்றாவது சுற்றில்தான் எங்கே பார்க்கணும் என்று பிடிபட்டது.

வேடிக்கை ஓடுவதில் இல்லை, கிளம்புவதில் இருக்கு. நாலு வண்டியும் மைதானத்தின் உள்பக்கம் நிற்கும். ஒவ்வொன்றுக்கும் இரண்டு பீப்பாய். ஒரு அவுட்ரைடர் முன்குதிரைகளின் தலையைப் பிடித்துக்கொண்டு நிற்பார், தன் குதிரையையும் மறு கையில் பிடித்துக்கொண்டு. இன்னொருவர் வண்டிக்குப் பின்னால், அடுப்புக்குப் பக்கத்தில். உண்மையான அடுப்பு இல்லை, அதற்குப் பதிலாக வைத்திருக்கும் இலேசான டப்பா. ஹாரன் அடித்த நொடி டப்பா வண்டிக்குள் விழணும், தலையைப் பிடித்தவர் விடணும், வண்டி பீப்பாய்களைச் சுற்றி எட்டு போடணும். முதல் பீப்பாயை ஒரு பக்கமாக, அடுத்ததை மறுபக்கமாக. அதற்குள் அந்த ரெண்டு பேரும் ஓடுகிற குதிரையில் தாவி ஏறி அதே எட்டைப் போட்டு வண்டியைப் பிடிக்கணும். பீப்பாய் விழுந்தால் ஐந்து விநாடி அபராதம். விநாடியில் நூறில் ஒரு பங்கில் ஜெயிக்கிற ரேசில் ஐந்து விநாடி என்றால் அந்த ராத்திரியே போச்சு. வண்டி கோட்டைத் தொடும்போது அவுட்ரைடர் 150 அடிக்குள் இருக்கணும், இல்லாவிட்டால் அதற்கும் அபராதம். வண்டி எவ்வளவு வேகமாக ஓடினாலும் கூட வர்றவன் பின்தங்கினால் நேரம் ஏறிவிடும்.

எட்டு போட்டு முடித்ததும் நாலு வண்டியும் ஒரே தடத்துக்குள் நுழைகின்றன. உள்கம்பி ஓரத்தை யார் பிடிக்கிறார்களோ அவருக்குத் தூரம் குறைவு. அந்த ஓரத்துக்காகத்தான் எல்லாரும் பாய்கிறார்கள். அரை மைல் நரகம் என்று அந்தத் தடத்துக்குப் பட்டப்பெயர். பக்கத்தில் உட்கார்ந்திருந்த கிழவர் ஒருவர் கெல்லி சதர்லண்டைப் பற்றிச் சொல்லிக்கொண்டே இருந்தார், தொப்பியில் கழுகு இறகு வைத்துக்கொண்டு ஓட்டுவாராம், 12 தடவை இங்கே சாம்பியன், 2017-இல் ஓய்வு பெற்றுவிட்டார். அந்த மனுஷன் மட்டும் இன்றைக்கு இருந்திருந்தால் என்று ஒவ்வொரு சுற்று முடிவிலும் பெருமூச்சு. நம்ம ஊரில் சூப்பர்மொக் பற்றிப் பேசுவார்களே, அதே மூச்சு.

லாயத்தில் பார்த்த சிவப்புக் குதிரை ஆறாவது சுற்றில் வந்தது, வலது பின்குதிரையாக. எட்டு போடும்போது அந்த வண்டியின் சக்கரம் பீப்பாய்க்கு ஒரு சாண் தள்ளிப் போனது. ஒரு சாண்தான். நாங்கள் எழுந்து நின்று கத்தினோம். என்ன கத்தினோம் என்று கேட்காதீர்கள், பழக்கதோஷத்தில் முருகா முருகா என்றுதான். முன்வரிசையில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். இரண்டாவதாக வந்தது அந்த வண்டி. அன்றைக்கு எந்தக் குதிரையும் விழவில்லை. வெளியே வரும்போது மருமகன் வாங்கிக் கொடுத்ததுதான் அந்த வெள்ளைத் தொப்பி.

பத்தாம் நாள் முடிந்தபோது மகள் கைப்பேசியை நீட்டினாள். அந்த வருஷம் மட்டும் ஆறு குதிரைகள் செத்திருந்தன. அதில் மூன்று கடைசி நாள் மோதலில். எங்களுடைய சிவப்பு அதில் இல்லை. அதைத்தான் முதலில் தேடினோம், இல்லை என்று தெரிந்ததும் ஒரு நிம்மதி. மற்ற ஆறும் யாரோ ஒருத்தர் தோளில் தலை வைத்தவைதானே என்று அப்புறம்தான் தோன்றியது. 1986-இல் ஒரே வருஷத்தில் 12 குதிரைகள் செத்தனவாம். ஓட்டுகிற மனுஷர்களும் செத்திருக்கிறார்கள்.

அந்த ராத்திரி வீட்டில் சண்டை. மகள் இது கொலை என்றாள். எங்களில் ஆண், அந்த ஓட்டி குதிரையைப் பெற்ற பிள்ளை மாதிரி பார்த்துக்கிறதை நாங்க கண்ணால பார்த்தோம்மா, ரேஸுக்கு முன்னால பின்னால டாக்டர் பார்க்கிறாங்க, சிப்பு வச்சிருக்காங்க, ஓய்வு நாள் உண்டு என்று அடுக்கினார். சைஸ் மகள் வாயைத் திறக்கவே இல்லை. பேரனைத் தோளில் போட்டுத் தட்டிக்கொண்டிருந்தார். கடைசியில், "அந்த மனுஷன் பார்த்துக்கிறதுல ஒரு குறையும் இல்ல. நாலு வண்டி ஒரே வளைவுக்குப் பாய்ஞ்சா யார் பார்த்துக்கிட்டாலும் விழும்" என்றார். அவ்வளவுதான். ரெண்டு பேரும் அடங்கிவிட்டோம்.

இனி எழுதப் போவதை எழுதணுமா என்று ஒருவர் கேட்டார். எழுதுங்க என்றார் மற்றவர்.

பல வருஷத்துக்கு முன்னால் பேக்டரியில் லைன் வேகத்தை ஏற்றினார்கள். ஆர்டர் அதிகம், ஆள் குறைவு. வேகம் ஏற்றும் தாளில் சூப்பர்வைசர் கையெழுத்து வேணும். போட்டோம். நம்ம பிள்ளைகள் நல்ல வேலைக்காரர்கள், சமாளித்துவிடுவார்கள் என்று நினைத்துத்தான் போட்டோம். நல்ல வேலைக்காரர்கள்தான். மூன்றாவது வாரம் ராத்திரி ஷிப்டில் ஒரு பங்களாதேஷ் தம்பிக்கு ரெண்டு விரல் போனது. விசாரணையில் கவனக்குறைவு என்று எழுதினார்கள். அந்தப் பையன் கவனமானவன். அப்புறம் பழைய வேகத்துக்கே இறக்கினார்கள், யாரும் எதுவும் சொல்லவில்லை. ஆஸ்பத்திரிக்கு ஆரஞ்சும் மைலோவும் வாங்கிக்கொண்டு போனோம், ஒரு கையால் வாங்கிக்கொண்டான். கால்கரியில் அந்த ராத்திரி சரியாகத் தூக்கம் இல்லை.

நம்ம கோயில் ரதத்துக்கு முன்னால் பிள்ளைகளைக் கயிற்றுக்குள்ளே விடாதீங்க, முட்டுக்கட்டை போடுகிறவர்களைத் தவிர யாரும் சக்கரத்துக்கு ஒரு கை தூரத்தில் நிற்காதீங்க என்று நாங்கள் கத்துவதும், பக்தி இல்லாத ஆள் என்று சிலர் மனசு கஷ்டப்பட்டதும் உங்களுக்குத் தெரியும். எங்க பிள்ளைங்க சூதானமா இருக்கும் அண்ணே என்று சொன்னார்கள். இருக்கும். அதைத் தெரிந்துதான் கத்தினோம்.

2020-இல் கோவிட், அங்கேயும் திருவிழா இல்லை. 2021-இல் திருவிழா நடந்தது, வண்டி ரேஸ் இல்லை. 2022-இல் ரேஸ் திரும்ப வந்தபோது ஒரு சுற்றுக்கு நாலு வண்டி என்பதை மூன்றாகக் குறைத்திருந்தார்கள். தடத்தில் இடம் வேணும் என்பதற்காக. மருமகன் செய்தி அனுப்பினார், கூடவே ஒரு சுற்றின் வீடியோ.

அன்றைக்கு சனிக்கிழமை ராத்திரி. மறுநாள் அன்னதானத்துக்குப் பருப்பும் கடலையும் ஊறப்போட்டுக்கொண்டிருந்தோம். வீடியோவைப் போட்டதும் ரெண்டு பேரும் பக்கத்தில் உட்கார்ந்தோம். ஹாரன் அடிக்கிற வரைக்கும் ஒன்றாகத்தான் பார்த்தோம். வண்டிகள் எட்டு போட்டுத் தடத்தில் ஏறினதும் ஒருவர் எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டார். குழாயைத் திறந்துவிட்டு, அங்கிருந்தே குரல்.

"முடிஞ்சிருச்சா?"

"முடிஞ்சிருச்சு."

"எல்லாம் நிக்குதா?"

வீடியோவைப் பின்னால் ஓட்டி நிறுத்தி, விரலை வைத்து எண்ணிப் பார்த்தோம். மூன்று வண்டி, பன்னிரண்டு குதிரை.

"பன்னிரண்டும் நிக்குது."

குழாய்ச் சத்தம் நின்றது.